யூடியூபா, மந்தைத் திரையா?

மேலூர்ப் பக்கத்துக் கண்மாய் ஒன்றைப் பற்றி மூன்று பேர் சேர்ந்து 22 நிமிட ஆவணப்படம் எடுத்தோம். எடிட்டிங் முடிந்ததுமே எங்களுக்குள் சண்டை. நேரே யூடியூபில் ஏற்றுவதா, ஊர் மந்தையில், அதாவது ஊர்ப் பொதுத் திடலில், திரை கட்டிப் போடுவதா? நான் மந்தைக் கட்சி. 'மறுபக்கம்' என்ற அமைப்பு 1998-இல் மதுரையில் தொடங்கிய ஆவணப்பட விழாவில் கூட்டத்தோடு உட்கார்ந்து பார்த்துப் பழகியவன்; சாய்வு இருக்கத்தான் செய்யும்.

செலவு பார்த்தால் யூடியூப்தான். புரொஜக்டர், திரை, மைக் செட் வாடகையே எங்களுக்கு 4,500 ரூபாய். வேகத்திலும் அதை அடிக்க முடியாது. 2024 நவம்பரில் டங்ஸ்டன் சுரங்க ஏலச் சேதி வந்தபோது மேலூர்ப் பக்கத்து அரிட்டாபட்டிக்காரர்கள் திரை கட்டிக்கொண்டா இருந்தார்கள்? விளம்பர வருமானத்துக்கு 1,000 சந்தாதாரர், ஓராண்டில் 4,000 மணி நேரப் பார்வை வேண்டும். கண்மாய்ப் படத்துக்கு நடக்கிற காரியமா, விடுங்கள்.

என்னை மந்தைப் பக்கம் தள்ளியது ஒன்றுதான்: திருத்தம்.

படம் ஓடிய பத்தாவது நிமிடம், பின்னாலிருந்து ஒரு பெரியவர் சத்தம் போட்டார். "ஏப்பா, நிறுத்து. அது கீழ மடையில்ல, மேல மடை. கீழ மடை தூந்து போயி எத்தன வருசமாச்சு!" பாதிப் படம் அந்த மடையை நம்பித்தான் நின்றது. முடிந்தபிறகு ஒரு அக்கா தனியாகக் கூப்பிட்டார். "தம்பி, ஆக்கிரமிப்பப் பத்தி நான் பேசுனத எடுத்துரு. கொழுந்தனார் நெலமும் அதுல வருது." ஊரே பார்த்தபிறகு எடுத்து என்ன பயன் என்று கேட்கலாம், நியாயம்தான். கொழுந்தனார் அன்று ஊரில் இல்லை, தப்பித்தோம். இப்போதெல்லாம் பேசியவர்களுக்கு முதலில் அவர்கள் வீட்டுத் திண்ணையிலேயே லேப்டாப்பில் போட்டுக் காட்டிவிடுகிறோம்.

யூடியூபில் ஏற்றியதை வெட்டலாம். புதுக் காட்சி சேர்க்கவோ, அதே இணைப்பில் வேறு பிரதியை வைக்கவோ வழியில்லை. நீக்கிவிட்டு மறுபடி ஏற்றினால் பார்வைக் கணக்கு முதலிலிருந்து. அதற்குள் வாட்ஸ்அப்பில் இறங்கிவிட்ட பிரதியை யார் பிடிப்பது?

மூன்று ஊரில்தான் போட்டிருக்கிறோம், அதுவும் கோடையில். ஐப்பசி மழையில் என்ன ஆகும், மதுரை நகருக்குள் தெருவில் போட விடுவார்களா என்றெல்லாம் அனுபவமில்லை.

மந்தை எல்லாருக்கும் பொது என்று நினைத்ததும் எங்கள் தப்பு. காலனியிலிருந்து நாலைந்து பேர் வந்தார்கள், அவர்களும் ஓரமாகவே நின்றார்கள். மறுநாள் காலனியிலேயே திரை கட்டினோம். அங்கே மடையின் பெயரை யாரும் கேட்கவில்லை. "மடை தொறக்கிற நீர்ப்பாய்ச்சி எங்க ஆளு. படத்துல அவரு எங்க?" என்று கேட்டார்கள். மறுபடி கேமராவைத் தூக்கிக்கொண்டு போனோம். யூடியூபில் இப்போது இருப்பது அந்த 26 நிமிடப் பிரதி.