டப்பாவை நகர்த்திவிட்டுப் பார்த்தேன்

ரோபோ டெமோ என்றால் மேசைமேல் விற்பவர்கள் அடுக்கி வைத்திருப்பதைக் கலைத்துவிட்டுத்தான் பார்ப்பேன். இந்த முறையும் அப்படித்தான்.

ஆறு மூட்டுள்ள கை, மணிக்கட்டில் டெப்த் கேமரா (பொருள் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்றும் அளக்கும் கேமரா), நுனியில் பொருளைப் பிடிக்க இரண்டு விரல் கிரிப்பர். சாஃப்ட்வேர், ரோபோக்களுக்கான பொது மென்பொருள் தொகுப்பான ராஸ் 2-வை (ROS 2) அடிப்படையாக வைத்து எழுதியது. சிதறிக் கிடக்கும் பொருட்களைப் பொறுக்கித் தட்டில் அடுக்க வேண்டும், அவ்வளவுதான் வேலை. அவர்கள் வைத்தது வைத்தபடி ஐந்து முறை ஓட்டிக் காட்டினார்கள், பிசகே இல்லை. அதில் எனக்குப் பெரிய வியப்பில்லை. சொன்ன இடத்தில் இருப்பதை எடுத்து வைக்கும் வேலையை 1961-லேயே யூனிமேட் என்ற ரோபோ ஒரு கார் தொழிற்சாலையில் செய்துவிட்டது.

அனுமதி கேட்டு, கை இறங்கிக்கொண்டிருக்கும்போதே டப்பாவை ஒரு சாண் தள்ளினேன். கை நின்றது, மறுபடி பார்த்தது, புதுப் பாதையில் போய் எடுத்தது. அடுத்து ஒரு ஸ்பாஞ்ச் வைத்தேன். தூக்கும்போது நழுவி விழுந்தது. விரல்கள் முழுசாக மூடிவிட்டதை வைத்து, பிடியில் ஒன்றுமில்லை என்று தானே கண்டுபிடித்து, திரும்பப் போய்த் தேடியது! எனக்கு இதுதான் பெரிய விஷயம். எங்கள் பட்டறையில் முன்பு இருந்த இயந்திரம் வெறுங்கையோடு தட்டுவரை போய்விட்டு 'முடிந்தது' என்று காட்டும். அதைக் கவனிக்கவே ஓர் ஆள் நாள் முழுக்கப் பக்கத்தில் நிற்பார்.

கண்ணாடி டம்ளரில் சறுக்கியது. கேமராவின் அகச்சிவப்பு ஒளி கண்ணாடியை ஊடுருவிப் போய்விடுவதால், டம்ளர் இருந்த இடம் அதற்கு வெற்றிடம். பின்னால் இருந்த டப்பாவை எடுக்கப் போன கை டம்ளரைத் தட்டி உருட்டிவிட்டது. மோதினால் நிற்கும் வசதி உண்டு; ஆனால் அது உணரும் அளவுக்கு டம்ளரில் கனமில்லை. பொறியாளர் மழுப்பாமல் ஒப்புக்கொண்டார்.

ஒரு குறை சொல்லியே ஆகவேண்டும். வாசலில் ஓடிய வீடியோவில் கை நேரில் பார்த்ததைவிட வேகமாக ஓடியது. வேகம் கூட்டியதாக எங்கும் எழுதவில்லை. 2010-ல் பிஆர்2 ரோபோ துவாலை மடித்ததைக் காட்டிய அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழக ஆய்வாளர்கள், 50 மடங்கு வேகம் என்று வீடியோவிலேயே போட்டிருந்தார்கள். வாங்க வருகிறவருக்கு அந்த மரியாதையைக் கொடுக்க வேண்டும்.

அட்டைப்பெட்டி, பிளாஸ்டிக் பாகங்கள் என்றால் தயங்காமல் வாங்கலாம். கண்ணாடி வேலைக்கு இப்போது வேண்டாம். பளபளக்கும் உலோகத்தில் எப்படி என்று இன்னும் பார்க்கவில்லை. அடுத்த வாரம் எங்கள் பட்டறைப் பாகங்களை எண்ணெய்ப் பிசுக்கோடு பையில் போட்டு எடுத்துப் போகிறேன், கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்கள்.