டார்வினிலிருந்து பாறை ஓவியம் பார்க்க: பஸ்ஸா, உபிரா, இஞ்சலாக்கா?

"டார்வினில் ஒரு நாள் கையில் இருக்கிறது, பாறை ஓவியம் பார்த்துவிட்டு வந்துவிடலாமா?" வட ஆஸ்திரேலியாவிலுள்ள டார்வினுக்குப் போகிற மூன்று பேர் இந்த வருஷம் மட்டும் என்னிடம் இப்படிக் கேட்டுவிட்டார்கள். மூன்று பேருக்கும் மூன்று விதமாகப் பதில் சொன்னேன். ஒருவருக்குக் கார் ஓட்ட வராது, ஒருவர் வயதான அப்பாவைக் கூட்டிப் போகிறார், இன்னொருவர் பிப்ரவரி மழையில் போகிறார். நான் இரண்டு தடவை போயிருக்கிறேன். முதல் தடவை வேலை விஷயமாகப் போனபோது டார்வினிலிருந்து ஒரு நாள் பஸ் சுற்றுலா. அடுத்த தடவை ஜூலையில், மனைவியும் மாமியாரும் கூட வர, ஜபிருவில் இரண்டு இரவு தங்கினோம். ஒரு நாள் காக்கடு தேசியப் பூங்காவுக்குள் உபிர் என்ற இடம் வரை நாங்களாகவே கார் ஓட்டிப் போனோம், மறுநாள் ஆற்றைத் தாண்டி, பூர்வகுடிகளின் நிலமான ஆர்னம் லேண்டில் உள்ளூர் வழிகாட்டியோடு இஞ்சலாக் மலை ஏறினோம்.

முதலில் தூரம். வரைபடத்தில் டார்வினும் காக்கடுவும் பக்கத்துப் பக்கத்து ஊர் மாதிரித் தெரியும். பூங்காவின் பரப்பு ஏறக்குறைய 20,000 சதுர கிலோமீட்டர். அதன் நடுவில் இருக்கும் ஜபிரு என்ற சின்ன ஊருக்கு டார்வினிலிருந்து 250 கிலோமீட்டர், நிற்காமல் ஓட்டினால் மூன்று மணி நேரம். ஓவியங்கள் ஜபிருவிலும் இல்லை, அதற்கும் அப்பால். ஆக ஒரே நாளில் போய்த் திரும்பும் பஸ், உள்ளே சுற்றுவதையும் சேர்த்தால் 600 கிலோமீட்டரைத் தாண்டிவிடும். நான் போன பஸ் விடியுமுன் கிளம்பி இருட்டிய பிறகு கொண்டுவந்து விட்டது. அந்த நாளில் பாறைக்கு முன்னால் நான் நின்ற நேரம் நாற்பத்தைந்து நிமிஷம். கடிகாரம் பார்த்துத்தான் சொல்கிறேன்.

அந்த நாற்பத்தைந்து நிமிஷமும் வீண் என்று சொல்ல மாட்டேன். பஸ் போன இடம் புருங்குய், பழைய பெயர்ப் பலகைகளில் நூர்லாஞ்சி. ஒன்றரைக் கிலோமீட்டர் சுற்றுப் பாதை. அதில் அன்பங்பங் என்ற இடத்தில்தான், பூர்வகுடிக் கதைகளில் வரும் மின்னல் மனிதர் நமர்கொனின் ஓவியம் இருக்கிறது. தலையையும் கைகால்களையும் சுற்றி வளைத்துப் போகும் பட்டைதான் மின்னல். முழங்கையிலும் முழங்காலிலும் கல் கோடரிகள், அவற்றால் மேகத்தை அடித்தால் இடி. மழைக்காலத்துக்கு முன்னால் ஆரஞ்சும் நீலமுமாக ஒரு வெட்டுக்கிளி இந்தப் பக்கத்துப் பாறைகளில் வெளியே வரும், அவை நமர்கொனின் பிள்ளைகள். அவருடைய மனைவி பர்கிஞ்சும் அதே சுவரில் இருக்கிறார்.

இந்தச் சுவரைக் கடைசியாகத் தீட்டியது 1960களில், நயொம்பொல்மி என்ற பெரிய ஓவியர். பஸ்ஸில் எனக்குப் பக்கத்து சீட்டுக்காரர் இதைக் கேட்டதும், "அப்படியென்றால் இது பழசு இல்லையா?" என்று முகம் சுருங்கிப் போனார். இங்கே வருகிறவர்களில் பாதிப் பேருக்கு இந்தக் குழப்பம் உண்டு. மங்கிய உருவத்தின் மேல் திரும்ப எழுதுவதும், பழைய மீன் மேல் புது மீன் வரைவதும் இந்த மரபில் குற்றம் கிடையாது. பல நேரம் வரைந்து முடித்த படத்தைவிட வரைகிற செயல்தான் பெரிது. இன்னொரு குழப்பம், 65,000 வருஷம் என்ற எண். 2017இல் வெளியான ஆய்வில் மஜெத்பெபெ என்ற பாறை ஒதுங்கிடத்துக்குச் சொன்ன வயது அது. மண்ணுக்கடியில் கிடைத்த கற்கருவிகளையும் அரைத்த காவியையும் வைத்து, மனிதர் அங்கே வந்த காலத்தைக் கணக்கிட்டார்கள். சுவரில் நீங்கள் பார்க்கும் ஓவியத்தின் வயது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

எங்கள் ஓட்டுநர்தான் வழிகாட்டியும். நல்ல மனிதர், பறவைகளைப் பற்றிக் கேட்டால் அரை மணி நேரம் பேசுவார். ஆனால் ஓவியத்துக்கு முன்னால் அவர் சொன்னது எல்லாம் பலகையில் எழுதியிருந்ததுதான். அது அவர் குறையும் இல்லை. வடக்குக் காக்கடுவின் பூர்வகுடிகளான பினிஞ் மக்களிடையே கதைக்குச் சொந்தக்காரர் உண்டு. எந்த மண்ணின் கதையோ அந்த மண்ணின் குலத்தார்தான் சொல்லலாம், அதிலும் எல்லாக் கதையும் எல்லார் காதுக்கும் போகாது. வெளியாள் பலகைக்கு மேல் ஒரு வரி சேர்த்துச் சொன்னால்தான் நாம் சந்தேகப்பட வேண்டும். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு நீர்நிலையில் படகுச் சவாரி, முதலை, கொக்கு, அல்லி. நன்றாகவே இருந்தது. ஆனால் நான் போனது ஓவியம் பார்க்க.

சரி, இரண்டாவது வழி. ஜபிருவில் தங்கி, சொந்தமாகக் கார் ஓட்டிப் போவது. பூங்கா அனுமதிச் சீட்டு ஏழு நாள் செல்லும். ஒரே நாளில் திரும்பிவிடுகிறவர் அதில் ஆறு நாளை வீணாக்குகிறார் என்று என் மனைவி கணக்குச் சொன்னாள். காலையில் புருங்குய் (இந்தத் தடவை இரண்டு மணி நேரம், யாரும் கையைத் தட்டிக் கூப்பிடவில்லை), மதியம் ஜபிருவில் கையோடு கொண்டுபோன புளிசாதம், மூன்றரைக்கு உபிர். ஜபிருவிலிருந்து சுமார் 40 கிலோமீட்டர், முழுக்கத் தார் ரோடு. வறண்ட பருவத்தில் பூங்கா ரேஞ்சர்கள் ஓவியங்களின் முன்னால் நின்று இலவசமாகப் பேசுவார்கள். நேரப் பட்டியலைப் பார்த்து அதற்கேற்ப நாளை வகுத்துக்கொள்ளுங்கள். அந்தப் பேச்சு இல்லாமல் உபிர் பார்த்தால் அரைச் சாப்பாடுதான்.

உபிரில் பெரிய சுவர் ஒன்று இருக்கிறது, மேலே கூரை மாதிரிப் பாறை நீண்டிருப்பதால் மழை படாது. சுவர் முழுக்க மீன். பாராமுண்டி, கெளுத்தி, நீளக் கழுத்து ஆமை. தோலுக்குள் இருக்கும் முள்ளும் குடலும் தெரியும்படி வரைந்திருக்கிறார்கள், எக்ஸ்ரே பாணி என்று பெயர். என் மாமியார் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "இது மீன் அறுக்கத் தெரிந்தவங்க போட்ட படம்" என்றார். ரேஞ்சர் அதையே வேறு விதமாகச் சொன்னார். பனியுகம் முடிந்து கடல் ஏறி வருவதற்கு முன் இது உள்நாட்டு நிலம். அந்தக் காலத்து ஓவியங்களில் கங்காருவும் நிலத்து விலங்குகளும். கடல் ஏறி ஆறுகள் உப்புநீரான பிறகுதான் பாராமுண்டி சுவருக்கு வருகிறது. அதற்கும் பிறகு வெள்ளச் சமவெளி நன்னீரானதும் நீர்ப்பறவைகள். எந்தக் காலத்தில் என்ன சாப்பிட்டார்கள் என்பது அடுக்கடுக்காக அங்கேயே இருக்கிறது.

சுவரின் ஓரத்தில் ஒரு வெள்ளைக்காரர், பாக்கெட்டுக்குள் கையை விட்டுக்கொண்டு, வாயில் புகைக்குழாயோடு நிற்கிறார். எருமை வேட்டைக்கு வந்தவர்களைப் பார்த்து வரைந்தது என்கிறார்கள். வேலை செய்யாமல் நிற்கிறவரைப் பார்த்தவுடன் தெரிந்துவிடுகிறது. அண்ணாந்து பார்த்தால், ஏணி வைத்தாலும் எட்டாத உயரத்தில் சில உருவங்கள். அவை மிமி என்ற ஆவிகள் வரைந்தவை. பாறையைக் கீழே இறக்கி வரைந்துவிட்டுத் திரும்ப மேலே தள்ளிவிடுமாம். இன்னும் கொஞ்சம் தள்ளி, முதுகில் கோடு போட்ட தைலசின், அதாவது டாஸ்மேனியப் புலி. ஆஸ்திரேலியப் பெருநிலத்தில் அந்த விலங்கு அற்றுப்போய் 2,000 வருஷத்துக்கு மேல் ஆகிறது. சின்ன ஓவியம், எல்லாரும் கீழேயே பார்த்துக்கொண்டு கடந்து போகிறார்கள். ரேஞ்சரிடம் கேட்டால் காட்டுவார்.

மபுயு என்பவரின் கதையும் உபிரில்தான். அவர் பிடித்த மீன்களைக் கயிற்றில் கோத்து இழுத்துக்கொண்டு வரும்போது யாரோ கயிற்றை அறுத்துத் திருடிவிடுகிறார்கள். இரவு, திருடர்கள் மீனைத் தின்றுவிட்டுக் குகைக்குள் படுத்திருக்க, மபுயு பெரிய பாறை ஒன்றால் வாயை அடைத்துவிடுகிறார். விடிந்தும் யாரும் வெளியே வரவில்லை. குழந்தைகளுக்குச் சொல்லும் கதை இது. கூட வந்திருந்த ஒரு பையன் தன் தங்கையை ஒரு மாதிரியாகப் பார்த்தான்.

உபிரின் குறை கூட்டம். சூரியன் மறையும் நேரத்தில் நடாப் என்ற உச்சிக்கு எல்லாரும் ஏறுவார்கள். 250 மீட்டர் தூர ஏற்றப் பாதைதான், ஆனால் பாறைப் படி, மாமியார் கீழே சுவருக்கு முன்னாலேயே உட்கார்ந்துவிட்டார். மேலே வெள்ளச் சமவெளி பச்சையாக விரிந்து கிடக்க, பக்கத்தில் யாரோ ட்ரோன் பறக்கவிட முடியுமா என்று கேட்டுக்கொண்டிருந்தார். இறங்கி வந்தபோது மாமியார்தான் அன்றைக்கு நன்றாகப் பார்த்தவர் என்று தோன்றியது. கூட்டம் முழுக்க மேலே போய்விட, அந்தச் சுவர் அரை மணி நேரம் அவருக்கு மட்டும்.

மூன்றாவது, இஞ்சலாக் மலை. இது பூங்காவுக்குள் இல்லை. கிழக்கு அலிகேட்டர் ஆற்றைத் தாண்டினால் ஆர்னம் லேண்ட், பூர்வகுடிகளின் சொந்த நிலம். (அங்கே அலிகேட்டரே கிடையாது, இருப்பது உப்புநீர் முதலை. பெயர் வைத்த ஆங்கிலேயர் தப்பாக அடையாளம் கண்டார், தப்பு நிலைத்துவிட்டது.) ஆற்றைக் கடக்கும் இடம் கேஹில்ஸ் கிராசிங். பாலம் இல்லை, தண்ணீருக்குள் போட்ட கான்கிரீட் தளம். கடல் ஏற்றம் வரும்போது தண்ணீர் தளத்துக்கு மேல் புரண்டு ஓடும், மீனுக்காக முதலைகள் வரிசையாகக் காத்திருக்கும். ஏற்ற இறக்க அட்டவணை பார்க்காமல் வண்டியை இறக்கவே கூடாது. காலை நனைத்துப் பார்க்கும் ஆசை இருந்தால் ஓட்டலிலேயே விட்டுவிட்டு வாருங்கள். வாடகைக் கார் ஒப்பந்தத்தையும் படியுங்கள், பல ஒப்பந்தங்களில் இந்த ஆற்றைக் கடக்க அனுமதி இருக்காது. நாங்கள் அதனால்தான் சுற்றுலா வண்டியில் போனோம். தனியாகப் போகிறவர்களுக்கு வடக்கு நில மன்றத்தின் பர்மிட் வேண்டும், முன்கூட்டியே விண்ணப்பிக்க வேண்டும். மது கொண்டுபோகக் கூடாது.

அக்கரையில் குன்பலான்யா ஊர். அங்கே 1989இல் தொடங்கிய இஞ்சலாக் கலை மையம்தான் மலைக்கு வழிகாட்டிகளை அனுப்புகிறது. எங்களோடு வந்தவர் காலையில் மையத்து வராந்தாவில் உட்கார்ந்து வரைந்துகொண்டிருந்தவர். தூரிகையைக் கழுவி வைத்துவிட்டு எழுந்து வந்தார். மலை செங்குத்து. பாறையைக் கையால் பிடித்து ஏற வேண்டும், சில இடங்களில் குனிந்து நுழைய வேண்டும். இரண்டு லிட்டர் தண்ணீர், மூடிய ஷூ, காலை நேரம். மாமியாரை ஊரிலேயே கூடை பின்னும் பெண்களோடு விட்டுவிட்டுப் போனோம்.

மேலே ஓர் இடத்தில் மல்லாந்து படுக்கச் சொன்னார். கூரை முழுக்க ஓவியம், முகத்துக்கு மேலே ஒரு கை தூரத்தில். அவ்வளவு கிட்டத்தில்தான் அது தெரிந்தது. வெள்ளை மீனின் வால் உதிர்ந்திருந்த இடத்தில், அடியிலிருந்து சிவப்பில் ஒரு மெல்லிய மனிதக் கால் எட்டிப் பார்க்கிறது. வெள்ளைக் களிமண் பாறையின் மேல் உட்கார்ந்திருக்கும், காலப்போக்கில் உதிர்ந்துவிடும். சிவப்புக் காவி மணற்பாறைக்குள் இறங்கிவிடும், கல்லோடு கல்லாகிவிடும். அதனால்தான் பழைய ஓவியங்கள் என்று நாம் பார்ப்பதில் பெரும்பாலும் சிவப்பு மிஞ்சுகிறது. பக்கத்துப் பாறையில் காவி அரைத்த குழி. விரலை வைத்துப் பார்க்கலாமா என்று கேட்டேன். குழியைத் தொடலாம், ஓவியத்தைத் தொடக் கூடாது என்றார்.

திரும்பி வரும் வழியில் ஓர் உருவத்துக்கு முன்னால் நிற்காமல் நடந்தார். அது என்ன என்று என் மனைவி கேட்டாள். "அது என் கதை இல்லை" என்றார், நடந்துகொண்டே. இன்னோர் இடுக்கின் பக்கம் போக வேண்டாம், படம் எடுக்க வேண்டாம் என்றார், அங்கே முன்னோர்களின் எலும்புகள் இருக்கின்றன. மற்றபடி எங்கே நின்றாலும் மாமா, தாத்தா, யார் எந்தப் பக்கத்துக் குலம் என்று உறவு சொல்லியே பேச்சு தொடங்கும். பலகை ஒன்றுகூட அந்த மலையில் கிடையாது, தேவையும் படவில்லை.

ஆக என் தீர்ப்பு. உடம்பில் தெம்பும் இரண்டு இரவும் இருந்தால் இஞ்சலாக், சந்தேகமே வேண்டாம். செலவு மூன்றிலும் அதிகம்தான், ஆனால் அந்தப் பணத்தில் ஒரு பங்கு படம் போடுகிறவர்கள் கைக்கே போகிறது. வயதானவர்களும் குழந்தைகளும் கூட இருந்தால் உபிரும் புருங்குய்யும், ரேஞ்சர் பேச்சு நடக்கும் நேரத்தில். பஸ் கடைசி. ஆனால் பிப்ரவரியில் போகிற நண்பருக்கு நான் பஸ்ஸைத்தான் சொன்னேன். மழையில் கேஹில்ஸ் கிராசிங் மூழ்கிவிடும், இஞ்சலாக்குக்குத் தரைவழி கிடையாது. உபிர் மதியம் இரண்டுக்குத்தான் திறக்கும், வழியில் ஓடை ஏறினால் ரோடும் மூடப்படும். புருங்குய் மட்டும் பெரும்பாலும் எட்டும். இடி இறங்கும் பருவத்தில் நமர்கொனைப் பார்க்கிற வாய்ப்பு எனக்குக் கிடைக்கவில்லை, அந்த விஷயத்தில் அந்த நண்பர் மேல் கொஞ்சம் பொறாமைதான். சிறு விமானத்தில் ஆர்னம் லேண்டின் உள்ளே போய் இறங்கும் பயணங்களும் உண்டு, அது வேறு பட்ஜெட்.

மலையிலிருந்து இறங்கி மையத்துக்கு வந்தபோது எங்கள் வழிகாட்டி முகம் கழுவிவிட்டுப் பழைய இடத்தில் உட்கார்ந்துவிட்டார். ஒற்றைக் கோரைத் தண்டால் செய்த தூரிகை, முடி மாதிரி மெல்லிய கோடுகள், ஒன்றின் மேல் ஒன்று குறுக்காக. ரார்க் என்பார்கள். மாமியார் அவருக்குப் பக்கத்தில் ஏற்கெனவே ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். "இன்னும் ஒரு மணி நேரம் இருக்கலாமா? வாலுக்கு இப்பதான் வந்திருக்காரு" என்றார். கிராசிங்கில் தண்ணீர் ஏறிக்கொண்டிருந்ததால் இருக்க முடியவில்லை.