லண்டனின் சினிமா லொகேஷன் நடைகள்: ஏழு வருட அனுபவம்

படம் எடுத்த இடங்களைக் கைடோடு நடந்து பார்க்கும் நடைகள் லண்டனில் நிறைய உண்டு. 2018 ஏப்ரலில் முதல் நடைக்குப் போனபோது நாங்கள் 35 பேர். இரண்டு மணி நேரத்தில் 18 இடங்கள் என்று விளம்பரம். சொன்னபடியே 18 இடத்தையும் காட்டினார்கள். கைடு வேகமாக நடப்பார், நிற்பார், "இங்கேதான் எடுத்தாங்க" என்பார். எல்லோரும் போனை உயர்த்துவோம். அதற்குள் அவர் அடுத்த தெருவுக்குத் திரும்பியிருப்பார். லெடன்ஹால் மார்க்கெட்டை ஒட்டிய புல்ஸ் ஹெட் பாசேஜ் என்ற சந்தில் ஒரு கதவு இருக்கிறது. 2001-ல் வந்த முதல் ஹாரி பாட்டர் படத்தில் லீக்கி கால்ட்ரன் மதுக்கூடத்தின் வாசல் அதுதான். அதன் முன்னால் நான் நின்றது ஒரு நிமிடம்கூட இருக்காது. வீட்டுக்கு வந்து போட்டோவைப் பார்த்தால் அதில் ஒரு கதவு இருந்தது, அவ்வளவுதான்.

அடுத்த வருடம் தங்கை வந்தாள். அவளுக்கும் ஹாரி பாட்டர் நடைதான் வேண்டும் என்றாள். இந்த முறை வேறு கைடு, குழுவில் 12 பேர். அதே சந்துக்குள் போனதும் அவர் கதவைக் காட்டவில்லை. பையிலிருந்து டேப்லெட்டை எடுத்து, படத்தில் ஹேக்ரிடும் ஹாரியும் மார்க்கெட்டுக்குள் நடந்து வரும் காட்சியை நிறுத்திக் காட்டினார். "இந்த ஃபிரேமில் கூரையும் தூணும் எப்படித் தெரிகிறதோ அப்படியே உங்கள் கண்ணுக்குத் தெரிகிற வரைக்கும் நகர்ந்து பாருங்கள்" என்றார். 12 பேரும் முன்னும் பின்னும் நகர்ந்து, ஒருவரை ஒருவர் இடித்து, கடைசியில் ஏறக்குறைய ஒரே இடத்தில் வந்து சேர்ந்தோம். காமிரா நின்ற இடம் அது. அங்கிருந்து நிமிர்ந்தபோதுதான் 1881-ல் ஹொரஸ் ஜோன்ஸ் வடிவமைத்த அந்த மார்க்கெட்டின் இரும்பும் கண்ணாடியுமான கூரையை முதல் தடவையாகப் பார்த்தேன். போன வருடமும் அதன் கீழேதான் நடந்திருந்தேன்.

அன்றிலிருந்து ஒரு நடையை நான் எடைபோடுவது இதை வைத்துத்தான். நாயகன் நின்ற இடத்தில் நம்மை நிறுத்தி போட்டோ எடுக்க விடுகிறாரா, காமிரா நின்ற இடத்துக்கு அழைத்துப் போகிறாரா? இரண்டாவது வகைக் கைடு கிடைத்தால் எந்தப் படமாக இருந்தாலும் போகலாம்.

இதுவரை மொத்தம் 11 நடை. ஹாரி பாட்டர் நான்கு, நாட்டிங் ஹில் இரண்டு, ஜேம்ஸ் பாண்ட் இரண்டு, ஷெர்லாக் ஒன்று, பாரோ மார்க்கெட் பக்கம் பொதுவான சினிமா நடை ஒன்று, விடியற்காலை நடை ஒன்று. 2020-லும் 2021-லும் எதற்கும் போகவில்லை. நான்கு நிறுவனங்களையும், சொந்தமாக நடத்தும் மூன்று கைடுகளையும் பார்த்திருக்கிறேன். கட்டணம் பெரும்பாலும் 15 முதல் 20 பவுண்டுக்குள் இருந்தது. "இலவசம், கடைசியில் விரும்பியதைக் கொடுங்கள்" என்கிற வகையிலும் இரண்டுக்குப் போனேன். அதில் ஒன்று நன்றாகவே இருந்தது. இன்னொன்றில் கடைசி 10 நிமிடம் முழுக்க டிப்ஸைப் பற்றியே பேச்சு.

ஹாரி பாட்டர் நடையில் எனக்குப் பிடித்த பகுதி, அந்த மதுக்கூடம் இடம் மாறுவதுதான். 2004-ல் வந்த மூன்றாவது படத்தில் அதே லீக்கி கால்ட்ரன் தேம்ஸ் நதிக்கு அந்தப் பக்கம், பாரோ மார்க்கெட்டை ஒட்டிய ஸ்டோனி தெருவில், ரயில் பாலத்தின் அடியில் இருக்கிறது. கதையில் ஒரே கடை, ஊரில் இரண்டு வாசல். லண்டன் பாலத்தைக் கடந்து ஒரு வாசலிலிருந்து இன்னொரு வாசலுக்கு நடந்து போகும்போது அந்த இரண்டு படங்களின் நிறமும் ஏன் அவ்வளவு வேறு என்பது காலுக்கே புரிகிறது. இந்தப் பக்கம் அலங்காரமான விக்டோரியா காலத்து மண்டபம், அந்தப் பக்கம் தலைக்கு மேல் ரயில் தடதடக்கும் செங்கல் வளைவு. இயக்குநர் மாறியதை விமர்சனங்களில் படித்திருக்கிறேன். இங்கே அதை நடந்தே உணர்ந்தேன்.

மில்லெனியம் பாலமும் அப்படித்தான். 2009-ல் வந்த ஆறாவது படத்தின் தொடக்கத்தில் அது முறுக்கிக்கொண்டு நதிக்குள் விழும். கதை நடப்பது 1990-களில், பாலம் திறந்தது 2000-ல். நாவலில் உடைவது கற்பனையான வேறொரு பாலம். இதைச் சொன்ன கைடு, நிஜப் பாலமும் திறந்தவுடன் மக்கள் நடக்க நடக்க ஆடத் தொடங்கி, இரண்டே நாளில் மூடப்பட்டு 2002-ல்தான் மறுபடி திறந்தது என்பதையும் சேர்த்துச் சொன்னார். பாலத்தின் நடுவில் நின்றுகொண்டு இதைக் கேட்பதற்கும் வீட்டில் உட்கார்ந்து படிப்பதற்கும் நிறைய வித்தியாசம் இருக்கிறது. கைப்பிடியை ஒரு தடவை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

கிங்ஸ் கிராஸ் நிலையத்தை மட்டும் என்னைக் கேட்டால் விட்டுவிடலாம். சுவருக்குள் பாதி புதைந்த தள்ளுவண்டி, அதற்கு நீண்ட வரிசை. படத்தில் மந்திரப் பள்ளிக்கு ரயில் புறப்படும் ஒன்பதே முக்கால் பிளாட்ஃபாரமாக வந்தது நிஜத்தில் 4-க்கும் 5-க்கும் இடைப்பட்ட பகுதி. இப்போது வண்டி இருக்கும் மண்டபம் திறந்தது 2012-ல், கடைசிப் படமே அதற்கு முந்தைய வருடம் வந்துவிட்டது. இரண்டாவது படத்தில் நிலையத்தின் முகப்பாகத் தெரியும் கோபுரக் கட்டடம் பக்கத்தில் இருக்கும் செயின்ட் பாங்க்ராஸ். குழந்தைகளோடு போனால் வரிசையில் நிற்கத்தான் வேண்டும், அது வேறு விஷயம். ஆனால் ஒரு கைடு அந்தத் தள்ளுவண்டியைக் காட்டி "இங்கேதான் எடுத்தார்கள்" என்றார். அது தவறு. காசு கொடுத்து வந்தவர்களிடம் அப்படிச் சொல்லக் கூடாது.

நாட்டிங் ஹில்லில்தான் எனக்கு மனம் சங்கடப்பட்டது. 1999-ல் வந்த அந்தப் படத்தின் நீலக் கதவு, வெஸ்ட்போர்ன் பார்க் சாலையில் 280-ஆம் எண். திரைக்கதை எழுதிய ரிச்சர்ட் கர்ட்டிஸ் முன்பு குடியிருந்த வீடு. படத்தில் வந்த கதவு ஏலத்தில் போய்விட்டது. நடுவில் சில காலம் கறுப்புக் கதவு இருந்து, பிறகு மறுபடி நீலம் வந்தது. அது இன்றைக்கும் ஒருவருடைய வீடு. முதல் தடவை போனபோது எங்கள் கைடு ஒவ்வொருவரையும் படியேறிக் கதவைத் தட்டுவது போல நிற்கச் சொல்லிப் போட்டோ எடுத்தார். 20 பேர், 15 நிமிடம். வீட்டுக்காரர் ஒருவர் பையோடு வந்து தெருவிலேயே காத்திருந்ததை நான் பார்த்தேன். எனக்குக் கோபம் வந்தது. ஆனாலும் வரிசையில் நானும் நின்றேன், அதை இப்போது நினைத்தாலும் வருத்தமாக இருக்கிறது. இரண்டாவது முறை வந்த கைடு எதிர்ப்புறம் நடைபாதையிலேயே நிறுத்தி, குரலைத் தாழ்த்தி இரண்டு நிமிடத்தில் முடித்தார். 'லவ் ஆக்சுவலி' படத்தில் அட்டைகளைக் காட்டிக் காதல் சொல்லும் வாசல் இருக்கும் செயின்ட் லூக்ஸ் மியூஸ் குறுகலான சந்து. அதற்குள் எங்களை மூன்று மூன்று பேராகத்தான் அனுப்பினார். அப்படிப் பார்த்தபோதுதான் அந்த இடம் எவ்வளவு சின்னது, காமிராவை வைக்க எவ்வளவு குறைந்த இடம்தான் இருந்திருக்கும் என்பது தெரிந்தது.

அந்தப் பகுதியில் புத்தகக் கடையைப் பற்றியும் ஒரு குழப்பம் உண்டு. 'நாட்டிங் ஹில்' படத்தில் நாயகனின் புத்தகக் கடையாகக் காட்டியது போர்டோபெல்லோ சாலை 142, அப்போது அது பழம்பொருள் கடை. கதைக்குத் தூண்டுதலான நிஜப் புத்தகக் கடை பிளென்ஹைம் கிரெசென்டில் இருந்தது. 2011-ல் அது மூடப்பட்டு, அதே இடத்தில் இப்போது வேறு புத்தகக் கடை. இரண்டையும் பிரித்துச் சொல்கிற கைடா என்று பாருங்கள். எல்லாவற்றையும் கலந்து சொல்பவர்கள் நிறைய இருக்கிறார்கள்.

ஷெர்லாக் நடையை நடத்தியவர் முன்பு படப்பிடிப்புகளில் லொகேஷன் உதவியாளராக இருந்தவர். எனக்குக் கிடைத்த கைடுகளிலேயே சிறந்தவர் இவர்தான். லண்டனின் உயர்ந்த கைடு தகுதியான புளூ பேட்ஜ் இவரிடம் கிடையாது. புளூ பேட்ஜ் வைத்திருந்த இருவருடன் போயிருக்கிறேன், வரலாறு விரல் நுனியில் இருந்தது, அவர்களும் அருமை. இவரிடம் இருந்தது வேறு அறிவு. ஷெர்லாக் ஹோம்ஸின் வீடாக, பேக்கர் தெரு 221பி என்று 'ஷெர்லாக்' தொலைக்காட்சித் தொடரில் வரும் வாசல், நார்த் கோவர் தெருவில் 187-ஆம் எண், கீழே ஸ்பீடீஸ் கஃபே. ஏன் பேக்கர் தெருவிலேயே எடுக்கவில்லை? அங்கே ஓயாத போக்குவரத்து, போதாததற்குத் திரும்பிய பக்கமெல்லாம் ஹோம்ஸ் பெயர்ப் பலகைகள், அத்தனையையும் மறைத்தாக வேண்டும். பிறகு லாரிகளை எங்கே நிறுத்துவது, தெருக்காரர்களுக்கு எத்தனை நாள் முன்னால் கடிதம் போடுவது, 32 பரோக்களும் சிட்டி ஆஃப் லண்டனுமாக 33 உள்ளாட்சிகள் இருக்கும் ஊரில் அனுமதி வாங்குவது எப்படி என்று சொல்லிக்கொண்டே நடந்தார். அந்த இரண்டு மணி நேரத்தில் எனக்கு சினிமா ஒரு வேலையாகத் தெரிந்தது.

செயின்ட் பார்த்தலோமியூ மருத்துவமனையில் அவர் செய்ததை மறக்க மாட்டேன். 2012-ல் ஒளிபரப்பான அத்தியாயத்தில் ஷெர்லாக் அதன் கூரையிலிருந்து குதிப்பார். எல்லோரும் கூரையை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்க, அவர் எங்களைப் பின்னால் வரச் சொல்லி வாட்சன் நின்ற பக்கமாக நிறுத்தினார். வாட்சனின் பார்வைக்கும் ஷெர்லாக் விழுந்த தரைக்கும் நடுவே தாழ்வான ஒரு கட்டடம் வரும். செத்துவிட்டதாக நம்பவைக்கும் அந்தத் தந்திரம் முழுக்க அதில்தான் அடங்கியிருக்கிறது. நான்கு தடவை பார்த்த அத்தியாயம், ஆனால் வாட்சனை ஏன் "அங்கேயே நில்" என்று சொல்கிறார் என்பது அன்றுதான் எனக்கு உடம்பில் உறைத்தது.

2023-ல் சித்தப்பா வந்திருந்தார். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஜேம்ஸ் பாண்ட் நடை டிரஃபால்கர் சதுக்கத்தில் தொடங்கியது. வந்ததும் சுற்றிப் பார்த்துவிட்டு, "ஏம்மா, அந்த ஷாருக் கான் படத்துல அம்ரீஷ் புரி புறாவுக்குத் தீனி போடுவாரே, அது இந்த இடம்தானே? புறாவையே காணோமே" என்றார். 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே' 1995-ல் வந்தது. "இங்க தீனி போடக் கூடாதுன்னு 2003-லயே தடை பண்ணிட்டாங்க சித்தப்பா" என்றேன். கைடுக்கு அந்தப் படம் தெரிந்திருந்தது. பாண்டை ஓரமாக வைத்துவிட்டு ஐந்து நிமிடம் அதைப் பற்றியே பேசினார். இன்றைக்கு அந்தக் காட்சியை இங்கே எடுக்கவே முடியாது என்றபோது சித்தப்பாவின் முகத்தில் அவ்வளவு நிறைவு, தான் ஏதோ சாட்சியாக வந்தது போல.

அடுத்து தேசிய ஓவியக் கூடம், 34-ஆம் அறை. 2012-ல் வந்த 'ஸ்கைஃபால்' படத்தில் பாண்டும், அவருக்குக் கருவிகள் தரும் கியூவும் முதல் தடவை சந்திப்பது டர்னரின் 'ஃபைட்டிங் டெமரேர்' ஓவியத்தின் முன்னால். போரிட்டு ஓய்ந்த ஒரு பழைய கப்பலை, உடைப்பதற்காக ஒரு சின்ன நீராவிப் படகு இழுத்துக்கொண்டு போகிற காட்சி. கைடு எங்களை வெளியிலேயே நிறுத்தி எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, உள்ளே போனபின் பேச வேண்டாம், பெஞ்சில் உட்கார்ந்து பாருங்கள் என்றார். சித்தப்பா படத்தைப் பார்த்ததில்லை. ஓவியத்தையே பார்த்துக்கொண்டிருந்தவர், "இந்தக் கப்பலை உடைக்கக் கொண்டு போறாங்க, இல்லையா" என்று மெதுவாகக் கேட்டார். எத்தனையோ கப்பல்களை அப்படி அனுப்பியிருப்பார் போல. குழு கிளம்பிய பிறகும் எழவில்லை. சாமர்செட் ஹவுஸில்தான் மற்றவர்களைப் பிடித்தோம், 'கோல்டன் ஐ' என்ற பாண்ட் படத்தில் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்காக மாறிய முற்றம் அது. அன்று இரவு போனில் அந்த ஓவியக் காட்சியைப் போட்டுக் காட்டினேன். ஒன்றும் சொல்லாமல் இரண்டு தடவை பார்த்தார்.

விடியற்காலை நடை ஒரே ஒரு தடவைதான். ஜூன் மாதம், அதிகாலை ஐந்தரை மணி, வெஸ்ட்மின்ஸ்டர் பாலம். 2002-ல் வந்த '28 டேஸ் லேட்டர்' படத்தில் நாயகன் ஆளே இல்லாத லண்டனில் நடக்கும் காட்சியை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். அதை விடியலில், போக்குவரத்தைச் சில நிமிடங்கள் மட்டும் நிறுத்தி நிறுத்தி எடுத்தார்கள். சட்டென்று வைத்து எடுக்கச் சின்ன டிஜிட்டல் காமிராக்கள் உதவின. நாங்கள் ஏழு பேர். கைடு எதுவும் சொல்லாமல் பாலத்தின் நடுவில் நிறுத்தி, வண்டிகள் வராத இடைவெளிக்காகக் காத்திருக்கச் சொன்னார். முதலில் ஒரு பேருந்து, பிறகு இரண்டு சைக்கிள், பிறகு ஒரு குப்பை லாரி. பத்து நிமிடத்துக்கு மேல் ஆகியிருக்கும். அப்புறம் ஒரு தடவை, பாலத்தில் ஒன்றுமே இல்லை. நதியின் சத்தம் கேட்டது. ஏழு வருடம் இந்த ஊரில் இருந்தும் அந்தச் சத்தத்தை நான் அங்கே கேட்டதில்லை.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். குழுவின் அளவைக் கேட்டுவிட்டுப் பதிவு செய்யுங்கள், 15-க்கு மேல் என்றால் வேண்டாம். லெடன்ஹால் மார்க்கெட் இருக்கும் சிட்டி பகுதிக்கு ஞாயிறு நல்லது, அலுவலகக் கூட்டம் இருக்காது. பாரோ மார்க்கெட்டுக்குச் சனிக்கிழமை போகவே வேண்டாம், கைடின் குரல் காதில் விழாது. திங்களன்று மார்க்கெட் மூடியிருக்கும், லொகேஷன் பார்க்க மட்டும் என்றால் அன்றைக்குப் போகலாம். படத்தை முந்தின இரவு பார்த்துவிடுங்கள். பத்து வருடத்துக்கு முன்னால் பார்த்த ஞாபகம் போதாது. மழைக்குக் குடையை விட மழைக்கோட்டு மேல், 12 குடைகள் விரிந்தால் யாருக்கும் எதுவும் தெரியாது.

இப்போது வீட்டில் படம் பார்க்கும்போது ஜன்னல்களையும் கூரைகளையும் பார்க்கிறேன். ஒரு நடிகர் தெருவின் மூலையில் திரும்பினால், அந்த மூலைக்கு அப்புறம் நிஜத்தில் என்ன இருக்கிறது என்று கை தானாக போனுக்குப் போகிறது. கணவருக்கு முதலில் எரிச்சலாக இருந்தது, இப்போது அவரே நிறுத்தச் சொல்கிறார். அந்த முன்னாள் லொகேஷன் உதவியாளர், 1966-ல் வந்த 'புளோ-அப்' படத்தின் மேரியன் பார்க்குக்கு ஒரு நடை தொடங்கியிருக்கிறார். அடுத்த மாதம் இரண்டாவது ஞாயிறு, இரண்டு பேருக்கும் பதிவு செய்துவிட்டேன். சனிக்கிழமை இரவு படம்.