‘புள்ள எனக்குப் பொறக்கல’: அடியும் பழியும் சேர்ந்து வந்தால் முதலில் எங்கே போவது?

போன மாதம் எங்கள் தெருப் பெண் ஒருத்தியோடு கலெக்டர் ஆபீஸ் போயிருந்தேன். ‘புள்ள எனக்குப் பொறக்கல’ என்று சொல்லிக் கணவன் அடித்ததில் உதட்டில் தையல். கையில் ஒரு பிளாஸ்டிக் கவர்; உள்ளே மகனின் பிறப்புச் சான்றிதழ், தடுப்பூசி அட்டை, கல்யாண போட்டோ. “டிஎன்ஏ டெஸ்ட் எடுத்துக் காட்டிட்டா அடிக்க மாட்டாருல்லக்கா?” என்றாள்.

அடி என்றதும் எல்லோரும் சொல்வது மகளிர் காவல் நிலையம். உயிருக்குப் பயம் இருந்தால் அங்கேதான் ஓட வேண்டும். கணவன் கொடுமைக்கான பிரிவு பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 498ஏ, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ஆவது பிரிவு. 3 ஆண்டு வரை சிறை. ஆனால் பல சமயம் இருவரையும் உட்காரவைத்துப் பேசி, எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பிவிடுகிறார்கள். ராத்திரி அதே வீட்டுக்குத்தான் திரும்ப வேண்டும்.

அதனால் என் ஓட்டு 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்துக்கு. மாவட்ட சமூக நல அலுவலகத்தில் உள்ள பாதுகாப்பு அலுவலர் மூலமாகவோ நேரடியாகவோ மாஜிஸ்திரேட்டிடம் மனு போடலாம். அடிக்கக் கூடாது, வீடு அவன் பெயரில் இருந்தாலும் அவளைத் துரத்தக் கூடாது, செலவுக்குப் பணம் தர வேண்டும், பிள்ளை இப்போதைக்கு அவளிடம் இருக்கட்டும் என்று எல்லாம் ஒரே மனுவில் கேட்கலாம். பிள்ளையின் பிறப்பைச் சொல்லி இழிவுபடுத்துவதும் இந்தச் சட்டப்படி வன்முறைதான். பாதுகாப்பு உத்தரவை மீறினால் ஓராண்டு வரை சிறை. 60 நாளில் முடிக்கப் பார்க்க வேண்டும் என்கிறது சட்டம், ஆனால் வழக்கு இழுக்கும். ஆகவே இடைக்கால உத்தரவை முதல் நாளே கேளுங்கள்.

ஜீவனாம்ச வழக்கு பணம் வாங்கித் தரும், அடியை நிறுத்தாது.

சரி, டிஎன்ஏ? கல்யாண பந்தம் இருக்கும்போது பிறந்த பிள்ளை கணவனின் பிள்ளைதான் என்று சட்டமே எடுத்துக்கொள்கிறது. பிள்ளை உண்டான சமயத்தில் இருவரும் சேர வாய்ப்பே இல்லை என்று அவன்தான் நிரூபிக்க வேண்டும். கேட்டவுடன் பிள்ளைக்கு டெஸ்ட் எடுக்க உத்தரவிடக் கூடாது என்று 2023-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. அப்புறம் அவள் ஏன் பிள்ளையின் ரத்தத்தைக் கொடுத்து நிரூபிக்க வேண்டும்? கல்யாணமே ஆகாமல் பிள்ளை பெற்று, அப்பா கைவிரித்தால் கதை வேறு. அங்கே ஜீவனாம்சம் கேட்க அந்த டெஸ்ட்தான் தாய்க்குக் கைகொடுக்கும்.

வக்கீலுக்குக் காசில்லை என்று தயங்காதீர்கள். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் வைத்துத் தரும். அவசரத்துக்குப் பெண்கள் உதவி எண் 181.

அவள் கவரில் ஒன்று மட்டும் இல்லை: தையல் போட்ட அன்று அரசு ஆஸ்பத்திரியில் எழுதிய ஏ.ஆர். காப்பி, அதாவது காயத்தைப் பதிந்த விபத்துப் பதிவேட்டின் நகல். மனு எழுதும் முன் அதை வாங்கத்தான் முதலில் போனோம்.