அஃப்ரோடைட்டி: சியூஸுக்கு அத்தையா, மகளா?

கிரேக்கக் கடவுளரின் வம்சாவளியை வரைய உட்கார்ந்தால், காதல் தெய்வமான அஃப்ரோடைட்டியிடம் வந்ததும் பென்சில் நின்றுவிடும். அவளுக்கு இரண்டு பிறப்புக் கதைகள்.

பழங்காலக் கிரேக்கக் கவிஞர் எசியோட் சொல்வதில், குரோனோஸ் தன் தந்தை யுரேனஸின் ஆணுறுப்பை அரிவாளால் அறுத்துக் கடலில் எறிகிறான். அதைச் சுற்றித் திரண்ட நுரையில் அவள் பிறக்கிறாள் (அஃப்ரோஸ் என்றாலே கிரேக்கத்தில் நுரை). சைப்ரஸில் கரையேறும்போது காலடியில் புல் முளைக்கிறது. தாய் கிடையாது. இந்தக் கணக்கில் அவள் கடவுளரின் அரசனான சியூஸின் அப்பா குரோனோஸுக்கு உடன்பிறந்தவள், அதாவது அத்தை.

ஹோமரின் டிராய்ப் போர்க் காவியமான இலியட்டிலோ அவள் சியூஸுக்கும் தியோனிக்கும் மகள். ஐந்தாம் காண்டத்தில் தன் பிள்ளை ஈனியாஸைக் காப்பாற்றப் போய், கிரேக்க வீரன் டயோமிடீஸின் ஈட்டியால் கையில் காயப்படுகிறாள். சகோதரனும் போர்க் கடவுளுமான ஏரிஸிடம் குதிரைகளை இரவல் கேட்டு வாங்கி, கடவுளர் வாழும் ஒலிம்பஸ் மலைக்கு ஓடி அம்மா மடியில் விழுகிறாள். தியோனி அவளை அணைத்து, கையாலேயே குருதியைத் துடைத்துவிடுகிறாள்.

காதலுக்கு முன்னால் சியூஸே ஏன் தோற்கிறான் என்பதற்கு எசியோட்டின் கதைதான் சரியான பதில். அவள் அவனுக்கு மூத்தவள். ஆனாலும் எனக்கு ஹோமரின் மகளைத்தான் அதிகம் பிடிக்கும். அந்த மடிக்காகவே.