கோதை, ஆண்டாள், வள்ளி, மணிமேகலை: மகளுக்கு எந்தப் பெயர்?

எங்கள் மகளுக்குக் கோதை என்று பெயர் வைத்திருக்கிறோம். கடைசிவரை அதோடு போட்டியில் நின்ற பெயர்கள் ஆண்டாள், வள்ளி, மணிமேகலை. நான்குமே பழைய பெயர்கள். எதை வைத்திருந்தாலும் மனநிறைவோடுதான் கூப்பிட்டிருப்போம். பழைய பெயராக ஒன்று வைக்க ஆசைப்பட்டு முடிவெடுக்காமல் இருப்பவர்களுக்காக, நாங்கள் எப்படிப் பார்த்தோம் என்று சொல்கிறேன்.

மணிமேகலையில் தொடங்கலாம். மேகலை என்பது இடையில் அணியும் நகை, மணிகள் கோத்தது மணிமேகலை. ஆனால் கோவலன் நகையை நினைத்து மகளுக்கு இந்தப் பெயரை வைக்கவில்லை. அவன் குலத்து முன்னோர் ஒருவர் கடலில் கப்பல் உடைந்து தத்தளித்தபோது காப்பாற்றிய தெய்வத்தின் பெயர் அது என்கிறது சிலப்பதிகாரம். ஒரு குடும்பத்தின் நன்றிக்கடன் பெயராக மாறியிருக்கிறது. இந்தக் காரணத்துக்காகவே என் மனைவி இந்தப் பெயரை எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை.

வள்ளி என்றால் கொடி. வள்ளிக்கிழங்கு தோண்டிய குழியில் குறவர்கள் கண்டெடுத்த குழந்தை என்பதால் அந்தப் பெயர் வந்தது என்பது நாம் எல்லோரும் கேட்ட கதை. நற்றிணையின் 82-ஆம் பாட்டிலேயே முருகனோடு சேர்த்து வள்ளி பேசப்படுகிறாள், அவ்வளவு பழமை. தென்னாப்பிரிக்காவில் சத்தியாகிரகம் செய்து சிறை சென்று, 1914-இல் 16 வயதில் இறந்துபோன தில்லையாடி வள்ளியம்மையும் இந்தப் பெயரைத் தாங்கியவர்தான்.

ஆண்டாளும் கோதையும் ஒருவரே என்பதால் அந்தப் போட்டி சீக்கிரம் தீர்ந்துவிட்டது. ஸ்ரீவில்லிபுத்தூரில் துளசிச் செடியின் அடியில் பெரியாழ்வார் கண்டெடுத்த குழந்தை. ஆண்டாள் என்பது பிறர் அன்போடும் பக்தியோடும் அழைத்த பெயர். அவர் தன் பாட்டில் தன்னைக் கோதை என்றே சொல்லிக்கொள்கிறார். திருப்பாவையின் கடைசிப் பாட்டில் 'பட்டர்பிரான் கோதை சொன்ன சங்கத் தமிழ்மாலை முப்பதும்' என்று வருகிறது. கோதை என்றாலும் மாலைதான். மாலை என்று பெயர் கொண்ட ஒருத்தி, தான் கட்டிய பாட்டையும் மாலை என்றே சொல்லிக் கையெழுத்துப் போடுகிறாள். என் மகளுக்கு ஒருநாள் இதைச் சொல்லிக் கொடுக்க வேண்டும் என்று நினைத்தபோதே என் மனம் பாதி அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது.

கோதைக்கு இன்னொரு பக்கமும் உண்டு. சேர மன்னர்களும் கோதை என்று அழைக்கப்பட்டவர்கள். கரூரில் கிடைத்த பழைய வெள்ளிக் காசுகளில் 'மாக்கோதை' என்று பொறித்திருக்கிறது. புறநானூற்றின் 245-ஆம் பாட்டில், மனைவியை ஈமத்தீயில் விட்டுவிட்டு இன்னும் உயிரோடு இருக்கிறேனே என்று கலங்குபவரும் சேரமான் கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதைதான். அரசனின் மார்பிலும் பெண்ணின் கூந்தலிலும் கிடந்த மாலை இருவருக்கும் பெயராகியிருக்கிறது. வடமொழியில் கோதா என்ற சொல்லுக்கு உடும்பு என்றும் ஒரு பொருள் இருப்பதை ஒரு உறவினர் சுட்டிக்காட்டினார். உண்மைதான். ஆனால் தமிழில் கோதை என்றால் மாலை என்று பாட்டும் உரையும் தெளிவாக இருக்கும்போது அது எங்களை உறுத்தவில்லை.

சரி, பொருளை வைத்து மட்டும் பார்த்தால் இன்றுவரை முடிவெடுத்திருக்க மாட்டோம். முடிவைத் தந்தது வேறொரு கேள்வி: இந்தப் பெயர் தேயாமல் நிற்குமா?

பெயர் தேய்வது முதலில் வாயில்தான். தமிழ்ச்செல்வியைச் செல்வி ஆக்குகிறோம், கயல்விழி கயலாகிவிடுகிறாள். மணிமேகலையை யாரும் தினமும் முழுசாகக் கூப்பிடப் போவதில்லை. மணி என்பார்கள், இல்லாவிட்டால் மேகலா என்பார்கள். கடல் தெய்வத்தின் கதை அங்கேயே போய்விடும். கோதையும் வள்ளியும் இரண்டு அசைப் பெயர்கள், வெட்ட இடமே இல்லை. தாத்தா கூப்பிட்டாலும் வகுப்பில் வருகைப்பதிவு எடுத்தாலும் அதே பெயர்தான்.

அடுத்தது தாளில். தமிழ் தெரியாத என் சக ஊழியர் ஒருவரிடம் நான்கு பெயர்களையும் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்துப் படிக்கச் சொன்னேன். ஆண்டாள் 'அண்டல்' ஆனாள். வள்ளி 'வல்லி' ஆனாள், அது தனியாகவே இன்னொரு பெயர். மணிமேகலைக்கு வால் நீண்டு 'மணிமேகலாய்' என்று வந்தது. கோதையும் தப்பவில்லை, 'கோதாய்' என்றார். ஆனால் ஒருமுறை சொல்லிக்காட்டியதும் கோதையைச் சரியாகச் சொல்லிவிட்டார். வள்ளியின் ளகரம் எத்தனை முறை சொல்லியும் அவர் நாக்கில் நிற்கவில்லை. கடைசிச் சுற்றில் வள்ளி தோற்றது இந்த ஒரு எழுத்தால்தான். எங்கள் மகள் படிப்புக்கோ வேலைக்கோ வெளியூர் போனால் தன் பெயரைத் தன் காதாலேயே சரியாகக் கேட்க வேண்டும் என்பது எங்கள் ஆசை.

ஆங்கில எழுத்தில் கோதைக்கும் ஒரு சிக்கல் உண்டு. தகரத்துக்கு 'டீ'-க்குப் போடும் எழுத்தா, 'டில்லி'-க்குப் போடும் எழுத்தா? தமிழ்நாட்டில் முதல் வகைதான் அதிகம். ஆனால் கோதையில் தகரம் நடுவில் மென்மையாக ஒலிப்பதால், டில்லி எழுத்தோடு ஹெச் சேர்த்தோம். எதைத் தேர்ந்தாலும் சரி, பிறப்புச் சான்றிதழில் எப்படி ஏறுகிறதோ அப்படியே எல்லா இடத்திலும் எழுத வேண்டும். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, பாஸ்போர்ட், ஓட்டுநர் உரிமம் எல்லாவற்றுக்கும் பிறந்த தேதிக்கு ஆதாரம் அந்தச் சான்றிதழ்தான். பிறப்பைப் பதிவு செய்தபின் பெயரைச் சேர்க்க 12 மாதம் வரை கட்டணம் இல்லை. அதனால் அவசரப்படாமல் எழுதிப் பார்த்து, வாய்விட்டுக் கூப்பிட்டுப் பார்த்துப் பதிவு செய்யுங்கள்.

மகள் இன்னும் பள்ளிக்கூடம் போகவில்லை. கூடப் படிக்கும் பிள்ளைகள் இந்தப் பெயரை எப்படி எடுத்துக்கொள்வார்கள் என்பதில் எனக்கு அனுபவம் இல்லை. வீட்டிலும் தெருவிலும் இதுவரை யாரும் அவளை வேறு பெயரில் கூப்பிட்டதில்லை, அதை மட்டும் உறுதியாகச் சொல்வேன்.

மணிமேகலைதான் வேண்டும் என்று மனம் சொன்னால் தாராளமாக வையுங்கள். பிறந்த நாளிலிருந்தே வீட்டில் 'மேகலை' என்று ஐகாரம் தெளிவாக விழும்படி கூப்பிட்டுப் பழகுங்கள். வீட்டில் எப்படிக் கூப்பிடுகிறோமோ அதைத்தான் அக்கம்பக்கமும் பிடித்துக்கொள்ளும்.