என்னைப் பதம் பார்த்த ஈரப்பதமானி

பாடநூல்கள் ஈரப்பதமானி என்று சொல்லும் கருவியைச் சேலத்துக் கடைகளில் ஹைக்ரோமீட்டர் என்று கேட்டால்தான் எடுத்துத் தருகிறார்கள். சென்ற ஆண்டு ஆனி மாதத்தில், ஒன்று 450 ரூபாய் வீதம், அப்படி இரண்டு வாங்கினேன். ஒன்று, செவ்வாய்ப்பேட்டையில் நான் மரச்செதுக்கு ஓவியங்களை அச்சிடும் அறைக்கு. மற்றொன்று, ஏற்காட்டில் பழைய காப்பித் தோட்டத்து வீடொன்றின் பின்கட்டை வாடகைக்குப் பிடித்து அச்சறையாக மாற்றிக்கொண்டிருந்த இடத்துக்கு. பதினான்கு மாதங்கள் இரண்டையும் அன்றாடம் பார்த்து, குறிப்பேட்டில் எழுதி, ஒரு முறை நம்பி மோசம்போன பிறகு இந்த மதிப்புரையை எழுதுகிறேன். அச்சு வேலை செய்பவர்கள், பழைய வீட்டைப் பழுதுபார்ப்பவர்கள், புத்தகம் சேர்ப்பவர்கள் தயங்காமல் வாங்கலாம் என்பதே என் முடிவு. ஆனால் பெட்டியைப் பிரித்த அன்றே அதை உப்பு வைத்துச் சோதித்துவிட வேண்டும்.

சீட்டுக்கட்டு அளவே இருக்கும் வெள்ளைப் பிளாஸ்டிக் பெட்டி அது. தயாரித்தவர் பெயர் எங்கும் இல்லை. இதே உருவத்தில் பல பெயர்களில் விற்கிறது. திரையில் மேலே வெப்பநிலையும் கீழே ஈரப்பதமும் தெரியும். ஓரத்தில் ஒரு சிறு முகம் உண்டு. ஈரப்பதம் ஏறக்குறைய 40க்கும் 60க்கும் இடையில் இருந்தால் அது சிரிக்கும், அதற்கு மேலோ கீழோ போனால் வாயைக் கோணிக்கொள்ளும். இந்த முகத்தைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்; கருவியில் எனக்குப் பிடிக்காத முதல் உறுப்பு அதுதான்.

மோசம்போன கதை இது. ஐப்பசியில் வெளியிட எண்ணியிருந்த மூன்று வண்ண மரச்செதுக்கு ஓவியமொன்றின் முதல் வண்ணத்தை ஆனியிலேயே சேலத்தில் அச்சிட்டுவிட்டேன். அன்று பிற்பகல் பெட்டி 48 காட்டியது. ஐப்பசியில் அந்த அறுபது தாள்களையும் கட்டி எடுத்துக்கொண்டு இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறி, ஏற்காட்டு அறையில் இறக்கினேன். வெளியே ஏரி தெரியாத அளவுக்கு மூடுபனி. அங்கிருந்த பெட்டி 85 காட்டியதைப் பார்த்து, சமாளித்துவிடலாம் என்று மறுநாள் காலையே இரண்டாம் வண்ணத்துக்கான கட்டையை வைத்து அச்சிட்டேன். அரை மீட்டர் அகலத் தாளில் இடது ஓரம் சரியாகப் பொருந்த, வலது ஓரத்தில் இரண்டாம் வண்ணம் இரண்டு மில்லிமீட்டர் தள்ளி விழுந்தது. மரத்திலிருந்தும் பருத்தியிலிருந்தும் வரும் தாள் நார்கள் ஈரத்தை உறிஞ்சிக் குறுக்குவாக்கில் பருக்கும் என்பதும், அதனால் தாள் ஒரு திசையில் மட்டும் கூடுதலாக விரியும் என்பதும் எனக்குத் தெரியாதவை அல்ல. எவ்வளவு விரிந்திருக்கும் என்பதைத்தான் தவறாகக் கணித்தேன். கணிப்புக்கு ஆதாரமாக இருந்த 85 என்ற எண்ணே பொய் என்பது அன்று இரவு கருவியைச் சோதனைக்கு வைத்த பிறகுதான் தெரிந்தது.

சோதனை எளியது. ஒரு பாட்டில் மூடியில் சமையல் உப்பை நிரப்பி, கரைந்து போகாமல் ஈரமணலைப் போல் ஆகும் அளவுக்குச் சில துளி நீர் விட்டு, கருவியையும் மூடியையும் காற்றுப் புகாத ஒரு பையில் போட்டு இரவு முழுவதும் வைத்துவிட வேண்டும். ஈர உப்பு தன்னைச் சுற்றியுள்ள அடைபட்ட காற்றை 75 விழுக்காடு ஈரப்பதத்தில் நிறுத்திவைக்கும். அறை வெப்பம் சற்று ஏறி இறங்கினாலும் இந்த எண் பெரிதாக மாறாது. காலையில் சேலத்துப் பெட்டி 74 காட்டியது, ஏற்காட்டுப் பெட்டி 67 காட்டியது. எட்டுப் புள்ளிகள் குறைத்துச் சொல்லும் கருவியை நம்பி அறுபது தாள்களைக் கெடுத்திருக்கிறேன். விற்ற கடையில் கேட்டதற்கு, மாற்றித் தர முடியாது, கூட்டிப் படித்துக்கொள்ளுங்கள் என்றார்கள். எரிச்சலோடு வந்தாலும் அந்த யோசனையையே பின்பற்றுகிறேன். பெட்டியின் மேல் "+8" என்று எழுதி ஒட்டியிருக்கிறேன்.

எண் சரியானது என்றே வைத்துக்கொண்டாலும், அது சொல்வது எந்தப் பதத்தை என்பதுதான் இந்தக் கருவியோடு பழகியதில் எனக்கு விடிந்த கேள்வி. வானிலை அறிக்கையில் வரும் ஈரப்பதம் என்பது, அந்த வெப்பநிலையில் காற்று அதிக அளவாகத் தாங்கக்கூடிய நீராவியில் இப்போது எத்தனை பங்கு இருக்கிறது என்ற விகிதம் மட்டுமே. 30 டிகிரி வெப்பத்தில் ஒரு கனமீட்டர் காற்று ஏறத்தாழ 30 கிராம் நீராவியைத் தாங்கும். 20 டிகிரியில் 17 கிராம்தான். ஆகவே சேலத்தில் 30 டிகிரியில் 60 காட்டும் காற்றில் 18 கிராம் நீர் இருக்க, ஏற்காட்டில் 20 டிகிரியில் 100 காட்டி மூடுபனியாக நிற்கும் காற்றில் ஆவியாக 17 கிராம்தான் இருக்கும். மலையில் நனைகிறோம், ஊரில் காய்கிறோம் என்று நினைக்கிறோமே தவிர, ஆவியாக நிற்கும் நீர் சேலத்துக் காற்றில்தான் அதிகம். தாளோ, மரமோ, சுவரோ இந்தக் கிராம் கணக்கைப் பெரிதாகப் பொருட்படுத்துவதில்லை. விகிதத்துக்குத்தான் அவை அசைகின்றன. அதனால் பெட்டி காட்டும் எண் எனக்குப் பயன்படுகிறது. ஆயினும் அது ஈரத்தின் அளவை மட்டும் சொல்கிறது. பதம் என்ற சொல்லுக்கு நம் மொழியில் அளவு என்பது மூலப் பொருளே அல்ல.

ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பதில் அது மாதிரி. அதிரசப் பாகுக்குப் பதம் என்றால் அடுத்த வேலைக்கு ஆயத்தமான நிலை. கத்திக்குப் பதம் என்றால் கூர்மை. நன்னூலில் பதவியல் என்றே ஓர் இயல் உண்டு. அங்கே பதம் என்றால் சொல். மழை பெய்ததும் வயலில் காலை வைத்துப் பார்த்து உழவுக்குப் பதம் வந்துவிட்டது என்பவர் நிலத்தின் ஈரத்தை எடை போடுவதில்லை. ஏர் இறங்குமா, மண் கட்டி கட்டாமல் பிளக்குமா என்பதைப் பார்க்கிறார். ஒரு உழவு மழை என்று மழையையே வேலையால் அளப்பவர்கள் அவர்கள். எதற்குப் பதம் என்ற கேள்வி இல்லாமல் நம் பேச்சில் இந்தச் சொல் வருவது அரிது. வானிலைக்காரர்களின் ஈரப்பதத்தில் மட்டும்தான் அந்தக் கேள்வி கழன்று, வெறும் எண் நிற்கிறது.

கட்டட வேலையில் இது இன்னும் துலக்கமாகத் தெரிந்தது. ஏற்காட்டு வீட்டின் மேற்குச் சுவர் கல்லும் சுண்ணாம்பும் வைத்துக் கட்டியது. முன்பு யாரோ அதன்மேல் சிமெண்ட் பூசியிருந்தார்கள். சுவருக்குள் ஏறிய ஈரம் வெளியேற வழியில்லாமல் பூச்சுக்குப் பின்னால் தங்கி, உப்புப் பூத்து, பூச்சு பாளம் பாளமாகப் பொரிந்துகொண்டிருந்தது. மாசி மாதத்தில் அதைக் கொத்தி எடுத்துவிட்டுச் சுண்ணாம்புப் பூச்சே பூசுவது என்று முடிவாகியது. வந்த மேஸ்திரிக்கு எழுபது வயதுக்கு மேல். கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரில் சாந்தைக் குழைத்து, பூசும் கரண்டியான கரணையில் ஒரு கை அள்ளி, கரணையைத் தலைகீழாகக் கவிழ்த்துப் பிடித்தார். சாந்து ஒரு நொடி ஒட்டி நின்றது. பிறகு பின்னால் எதையும் விட்டுவைக்காமல் ஒரே கட்டியாக நழுவி விழுந்தது. தலையாட்டிவிட்டுப் பூசத் தொடங்கினார். நான் பெட்டியைக் காட்டி, இன்று 58 என்றேன்.

"தம்பி, பொட்டி சொல்றத நீங்க பாருங்க, கரண சொல்றத நான் பாத்துக்கறேன்" என்றார்.

கோபமாகச் சொல்லவில்லை, ஆனாலும் நான் பெட்டியை மூலையில் வைத்துவிட்டேன். இரண்டு நாள் கழித்து அவரே வந்து எவ்வளவு காட்டுகிறது என்று கேட்டார். சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை உறிஞ்சித்தான் இறுகுகிறது. அதற்குச் சுவரில் சிறிது ஈரம் வேண்டும். முற்றிலும் நனைந்திருந்தால் நுண்துளைகள் நீரால் அடைபட்டு வாயு உள்ளே புகாது, விரைவில் காய்ந்துவிட்டால் இறுகாமல் பொடிந்துவிடும். கட்டைவிரலால் அழுத்தித் தடம் விழ வேண்டும், ஆனால் விரலில் ஒட்டக் கூடாது என்பதுதான் அடுத்த பூச்சுக்கு அவர் வைத்திருந்த பதம். அது எப்போது வரும் என்பதை முன்கூட்டி அறியப் பெட்டி உதவியது. எண் 50க்குக் கீழே இறங்கிய பிற்பகல்களில் ஈரச் சாக்கைத் தொங்கவிட்டோம். 80க்கு மேல் ஏறிய இரண்டு நாட்கள் அடுத்த பூச்சைத் தள்ளிப்போட்டோம். பெட்டியால் ஆகாத ஒன்றும் உண்டு. இலேசாக ஈரமேறிய மணல், ஈரம் 5 விழுக்காடு அளவுக்கு இருக்கும்போது, 20 முதல் 30 விழுக்காடு வரை பருத்துவிடும். சட்டியால் அளந்து ஒன்றுக்கு மூன்று என்று கலக்கிறோம் என்றால் உண்மையில் கலவையில் மணல் குறைந்துவிடுகிறது. மேஸ்திரி மணலைக் கையில் பிடித்து உருட்டிப் பார்த்துவிட்டு மூன்றரைச் சட்டி போடச் சொன்னார். காற்றை அளக்கும் கருவிக்குக் குவியலுக்குள் இருக்கும் மணலின் நிலை தெரிய வழியில்லை.

அச்சறைக்கு வருகிறேன். என் தொழிலில் பதம் என்ற சொல் ஒரே நாளில் நான்கு பொருளில் புழங்குகிறது. கட்டைக்கு எடுக்கும் மரம் பதப்படுத்தியதாக இருக்க வேண்டும். ஏற்காட்டுத் தோட்டங்களில் காப்பிக்கு நிழலாக வளர்க்கும் சில்வர் ஓக் பலகையை அறுத்த ஈரம் காயுமுன் செதுக்கி, ஒரே மாதத்தில் அது வில்லாக வளைந்ததைப் பார்த்திருக்கிறேன். செதுக்கும் உளிக்குப் பதம் போகக் கூடாது. தாளுக்கும் மைக்கும் உள்ள பதங்கள் தனி. செப்புத் தகட்டில் அரித்த கோடுகளை அச்சிடும்போது தாளை நனைத்து, ஒற்றி, நெகிழித் தாளுக்குள் அடுக்கி ஓரிரவு வைக்கிறோம். அப்போதுதான் அது மெத்தென்றாகிக் கோட்டின் குழிக்குள் இறங்கி மையை எடுக்கும். சன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால் நீரின் மினுக்கம் எங்கும் தெரியக் கூடாது, கன்னத்தில் வைத்தால் குளிர வேண்டும். மையின் பதத்தைக் காதால் கேட்க வேண்டும்: கண்ணாடிப் பலகையில் உருளையை ஓட்டும்போது தோசைக்கல்லில் தெளித்த நீர் அடங்கிவரும் நேரத்தில் எழும் மெல்லிய சீறல் கேட்டால் சரி, சொத சொதவென்று சத்தம் வந்தால் மை மிகுதி, நுண்ணிய கோடுகள் அடைபட்டுவிடும். சித்திரை வெயிலில் சேலத்தில் மை தானே இளகிக் கிடக்கிறது. மார்கழி ஏற்காட்டில் அதே மைக்கு இரண்டு சொட்டு ஆளிவிதை எண்ணெய் விடாவிட்டால் உருளை நகர மறுக்கிறது. இங்கே பெட்டியின் ஈரப்பத எண்ணைக் காட்டிலும் மேலே காட்டும் வெப்பநிலைதான் எனக்கு உதவுகிறது.

கருவியால் நேர்ந்த உருப்படியான மாற்றம் தாள் விஷயத்தில்தான். இப்போது எந்தத் தாளையும் அச்சிடும் அறையில் கொடியில் ஒரு நாள் முழுக்கத் தொங்கவிட்டுப் பழக்கிய பிறகே தொடுகிறேன். எல்லா வண்ணங்களையும் ஒரே அறையில், பெட்டி காட்டும் எண் ஐந்து புள்ளிக்கு மேல் விலகாத நாட்களில் முடிக்கிறேன். ஐப்பசிக்குப் பின் மூன்று வண்ணம், நான்கு வண்ணம் என ஐந்து ஓவியங்கள் அச்சிட்டாயிற்று. எதிலும் ஓரம் தள்ளவில்லை. வறண்ட காற்று அச்சுத் தொழிலுக்கு வாய்ப்பு என்று சிவகாசியைப் பற்றிச் சொல்வதன் பொருள், 450 ரூபாய்ப் பெட்டி வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

இனி அந்த முகம். நனைத்த தாளை அடுக்கி வைத்திருக்கும் அலமாரிக்குள் பெட்டியை வைத்தால் 90க்கு மேல் காட்டி வாயைக் கோணிக்கொள்கிறது; என் வேலைக்கு அதுவே சரியான நிலை. சுண்ணாம்புச் சுவர் கேட்ட ஈரத்துக்கும் அது முகம் சுளித்தது. உள்ளே நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கும் மனிதனுக்கு எது சுகம் என்பதை மட்டும் வைத்து அதைச் செய்திருக்கிறார்கள். அதை மறைத்து ஒரு துண்டுத் தாளை ஒட்டிவிட்டேன்.

மற்ற குறைகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். திரை 99க்கு மேல் போகாது. ஏற்காட்டில் ஐப்பசி, கார்த்திகை விடியல்களில் எண் உச்சத்திலேயே நின்றுவிடுகிறது. மூடுபனி விலகிய பிறகும் எண் இறங்க இரண்டு மணி நேரம் எடுத்துக்கொள்கிறது, ஆகவே காலை அவசரத்தில் அதை நம்பக் கூடாது. 1783இல் ஜெனீவாக்காரரான சொசூர் மனித முடி ஈரத்தில் நீள்வதைக் கொண்டு செய்த ஈரப்பதமானியை விளக்கி எழுதினார்; அந்த வகை முள் கருவி ஒன்றைப் பழைய பொருட்கள் விற்பவரிடம் பார்த்தேன், அதுவும் மெதுவானதுதான், விலையோ பத்து மடங்கு. வெளிச்சுவரில் வைத்தால் சுவரின் குளிர்ச்சியால் எண் கூடுதலாகக் காட்டும். அறையின் நடுவில், மேசை உயரத்தில், வெயில் படாமல் வைக்க வேண்டும். பொத்தான் பேட்டரி சேலத்தில் பதினோரு மாதம் வந்தது. ஏற்காட்டில் எட்டு மாதத்தில் திரை மங்கத் தொடங்கி, இப்போது இரண்டாவது பேட்டரி ஓடிக்கொண்டிருக்கிறது. பேட்டரி மாற்றியதும் உப்புச் சோதனையை மீண்டும் செய்தேன். அதே எட்டுப் புள்ளிகள்தான்.